உழைத்துப் பெற்ற குரல்

படக்காட்சிக்குச் சென்று திரும்பியவரை "யார் நடித்த படம்?" என்று கேட்டால், கதாநாயகன் பெயரைச் சொல்வார், கதாநாயகி பெயரைச் சொல்வார். அவ்விருவருக்கும் எதிரில் நின்று, ஒரு சொல்லாலோ ஒரு புருவ அசைவாலோ காட்சிக்கு உயிர் கொடுத்தவர் பெயரைச் சொல்பவர் அரிது. முகம் நினைவிருக்கும், பெயர் நினைவிராது. குணச்சித்திர நடிகர்களின் தலைவிதி எந்நாட்டிலும் இதுவே. அவர்களுள் தலைசிறந்த ஒருவரைப் பற்றி நேயர்களுக்குச் சில செய்திகள் கூற விரும்புகிறேன்.

இங்கிலாந்தில் பிறந்து, அமெரிக்காவில் வாழ்ந்து மறைந்த கிளாட் ரெயின்ஸ் என்பவரே அவர். 'காஸாபிளாங்கா' என்னும் ஆங்கிலப் படத்தைக் கண்டவர்கள், அதில் வரும் பிரெஞ்சுப் போலீஸ் தலைவரை மறந்திருக்க மாட்டார்கள். இவரைப் பற்றி எழுதுவோர் முதலில் புகழ்வது இவருடைய குரலையே. மென்மையும் கம்பீரமும் எள்ளலும் ஒருங்கே கலந்த அக்குரல் பிறவியில் வாய்த்த கொடை என்றே கேட்பவர் நினைப்பார்கள். உண்மை அதுவன்று.

'ர' வராத சிறுவன்

வில்லியம் கிளாட் ரெயின்ஸ் 1889-ஆம் ஆண்டு நவம்பர் 10-ந் தேதி லண்டன் மாநகரில் ஓர் ஏழைக் குடும்பத்தில் பிறந்தார். தந்தையாரும் நடிகரே; ஆயினும் அத்தொழிலால் குடும்பம் செழிக்கவில்லை. உடன்பிறந்த குழந்தைகளுள் பலர் சிசுப்பருவத்திலேயே இறந்தனர். லண்டன் பாமர மக்களின் பேச்சு வழக்காகிய 'காக்னி'யே சிறுவனின் நாவில் ஊறியது. போதாக்குறைக்கு, 'ர' என்னும் ஒலி அவனுக்கு 'வ' என்றே வந்தது. தம் பெயரையே 'வில்லி வெயின்ஸ்' என்றுதான் அந்நாளில் அவர் சொல்லிக்கொண்டார் என்று அவருடைய மகள் பிற்காலத்தில் கூறியிருக்கிறார்.

பத்து வயதில், 1900-ஆம் ஆண்டில், சிறு வேடமொன்றில் மேடை ஏறினான் பையன். பின்னர் ஸர் ஹெர்பர்ட் பீர்போம் ட்ரீ என்னும் புகழ்பெற்ற நடிகர் நடத்திய நாடக அரங்கில் 'கால்பாய்' வேலை கிடைத்தது. நம்மில் ரயில்வே குடும்பத்தார்க்கு இச்சொல் புதிதன்று. எஞ்சின் டிரைவரையும் கார்டையும் வீடு தேடிச் சென்று, நேரம் தவறாமல் எழுப்பி, வேலைக்கு அழைத்த பணியாளருக்கும் இதே பெயர்தான். நாடக அரங்கின் கால்பாயோ, ஒப்பனை அறைக் கதவைத் தட்டி, "உங்கள் முறை வந்துவிட்டது" என்று நடிகர்களுக்கு அறிவிக்க வேண்டும். அவன் ஒரு நிமிஷம் தவறினால் நாடகமே தடைப்படும். அவன் தவறாமல் செய்யும் வேலையைச் சபையில் ஒருவரும் அறியமாட்டார்.

அவ்வேலையிலிருந்து, மறைவில் நின்று வசனம் எடுத்துக்கொடுப்பவராகவும், பிறகு மேடை நிர்வாகியாகவும் ரெயின்ஸ் உயர்ந்தார். அவரிடம் திறமை இருப்பதையும், அதற்குப் பேச்சே தடையாக நிற்பதையும் ட்ரீ கண்டார். பேச்சுப் பயிற்சி நூல்கள் வாங்கவும், ஆசிரியரிடம் கற்கவும் தம் கைப்பணத்தைக் கொடுத்து உதவினார். அதன் பிறகு நடந்தது முழுவதும் உழைப்பே. பழகிய ஒலியை மறக்கவும், பழகாத ஒலியை நாவில் ஏற்றவும், திரும்பத் திரும்பச் சொல்லிப் பார்ப்பதன்றி வேறு வழி ஏது?

வெளி மாநிலங்களில் வளரும் நம் குழந்தைகளுக்கு 'ழ'கரம் வரவில்லையே என்று கவலைப்படும் பெற்றோர்கள் இவ்விடத்தில் சற்றுச் சிந்திக்கலாம். விருந்தினர் முன்னிலையில் குழந்தையைச் சொல்லச் சொல்லிச் சிரிக்கும் வழக்கம் பல வீடுகளில் உண்டு. சிரிப்பினால் எந்த நாவும் திருந்தியதில்லை. பிழையைக் கண்டபோது சிரிக்காமல் புத்தகத்துக்குப் பணம் கொடுத்த ஒருவர் இருந்தார். அதனால் உலகத்துக்கு ஒரு நடிகர் கிடைத்தார்.

போரும் பள்ளியும்

முதல் உலகப் போரில் ரெயின்ஸ் 'லண்டன் ஸ்காட்டிஷ்' படைப்பிரிவில் சேர்ந்தார். பிற்காலத்தில் திரைப்புகழ் பெற்ற ரொனால்ட் கோல்மன், பாஸில் ராத்போன், ஹெர்பர்ட் மார்ஷல் ஆகியோரும் அதே படைப்பிரிவினர் என்பது வியப்பான செய்தி. பிரான்ஸில் விமி என்னுமிடத்தில் விஷவாயுத் தாக்குதலுக்கு ஆளாகி, ஒரு கண்ணின் பார்வையை ஏறக்குறைய முற்றிலும் இழந்தார். சாதாரணச் சிப்பாயாகச் சேர்ந்தவர், போர் முடியும்போது காப்டன் பதவியில் இருந்தார். ஆயினும் அந்தக் கண் திரும்பவில்லை. எஞ்சிய வாழ்நாள் முழுவதும் ஒற்றைக் கண்ணின் துணைகொண்டே நடித்தார். திரையில் அவரைக் காண்பவர் எவரும் அதை உணர முடியாது.

1904-ஆம் ஆண்டில் ட்ரீ நிறுவிய நடிப்புப் பள்ளி, பின்னர் ராஜாங்க அங்கீகாரம் பெற்று 'ராயல் அகாடமி' ஆயிற்று. போர் முடிந்து திரும்பிய ரெயின்ஸ், தம்மை ஆளாக்கியவர் நிறுவிய அப்பள்ளியிலேயே ஆசிரியரானார். சார்லஸ் லாட்டன், ஜான் கீல்குட் போன்றோர் அவரிடம் பயின்றனர். ஆங்கில மேடையின் மிக அழகிய குரல்களுள் ஒன்று கீல்குட்டின் குரல் என்பர். 'ர' வராத சிறுவன் அத்தகையவருக்கு ஆசிரியராக நின்றார் என்றால், பயிற்சியின் பெருமைக்கு வேறு சான்று வேண்டுமோ?

முகம் தெரியாத நாயகன்

1920-களின் பிற்பகுதியில் ரெயின்ஸ் அமெரிக்கா சென்று, நியூயார்க் மேடைகளில் நடிக்கலானார். 1933-இல் வெளிவந்த 'இன்விஸிபிள் மேன்' என்னும் படமே பேசும் படவுலகில் அவருக்குப் பெயர் தந்தது. எச். ஜி. வெல்ஸ் எழுதிய நாவலை ஜேம்ஸ் வேல் படமாக்கினார். கதாநாயகன் கண்ணுக்குப் புலப்படாத மனிதன். படம் நெடுகத் துணிக்கட்டுகளால் முகத்தை மூடியிருப்பான். அல்லது உருவமே இராது. இறுதியில், அவன் உயிர் பிரிந்த பின்னரே, சில விநாடிகள் முகம் தெரியும்.

முதற் பெரும் படத்தில் முகத்தைக் காட்டாமல் நடிக்க எந்த நடிகர் சம்மதிப்பார்? ரெயின்ஸுக்கு அப்போது வயது நாற்பத்து மூன்று கடந்திருந்தது, உயரமும் குறைவு. ஆனால் குரல் இருந்தது. கோபம், கர்வம், பித்து, தனிமை அனைத்தையும் அக்குரல் ஒன்றே சுமந்தது. குறையாக இருந்த பேச்சே அவருக்கு மூலதனமாயிற்று.

அதன் பின்னர் அவர் ஏற்றவை பெரும்பாலும் துணை வேடங்களே. 1939-இல் வந்த 'மிஸ்டர் ஸ்மித் கோஸ் டு வாஷிங்டன்' படத்தில், நேர்மையை விற்றுவிட்டு உள்ளுக்குள் வெந்துகொண்டிருக்கும் செனட்டராக வந்தார். 'காஸாபிளாங்கா'வில் போலீஸ் தலைவராக வந்து, சூதாட்டம் நடப்பதைக் கண்டு திடுக்கிட்டவர்போல் விடுதியை மூட உத்தரவிடுவார். அதே விநாடியில் அவர் சூதாட்டத்தில் வென்ற பணத்தைச் சிப்பந்தி கொண்டுவந்து நீட்டுவான். நன்றி கூறி வாங்கிக்கொள்வார். லஞ்சப் பேர்வழியை வெறுக்கவேண்டிய நாம் அவரை ரசிக்கிறோம். கடைசிக் காட்சியில் அவர் நல்ல பக்கம் சாயும்போது நமக்கு அது செயற்கையாகத் தோன்றாததற்கு, முன்னமே அவர் நம் மனத்தைக் கவர்ந்திருப்பதே காரணம்.

1944-இல் வந்த 'மிஸ்டர் ஸ்கெஃபிங்டன்' படத்தில், நாஜிகளின் சிறைமுகாமில் கண்ணொளி இழந்து திரும்பும் யூதக் கணவராக நடித்தார். ஒரு கண்ணைப் போருக்குக் கொடுத்தவருக்கு அவ்வேடம் எப்படி இருந்திருக்கும் என்பதை நேயர்களே ஊகிக்கலாம். 1946-இல் ஹிட்ச்காக் எடுத்த 'நொட்டோரியஸ்' படத்தில் வில்லனாக வந்து, அந்த வில்லனுக்காகவும் நம்மை இரங்கச் செய்தார்.

இந்நான்கு படங்களுக்காகவும் சிறந்த துணை நடிகருக்குரிய ஆஸ்கார் பரிசுக்கு அவர் பெயர் முன்மொழியப்பட்டது. நான்கு முறையும் பரிசு பிறருக்கே சென்றது. நான்காம் முறை அதைப் பெற்றவர் ஹெரால்ட் ரஸ்ஸல். அவர் இரண்டாம் உலகப் போரின்போது ராணுவப் பணியில் இரு கைகளையும் இழந்தவர். ஒரு போரில் கண் இழந்தவர் தோற்றதும், மறு போரில் கை இழந்தவர் வென்றதும் விதியின் விசித்திரம் எனலாம்.

மண்ணும் மேடையும்

பிறந்த நாட்டை விட்டு வந்த ரெயின்ஸ், 1939-இல் அமெரிக்கப் பிரஜையானார். பென்ஸில்வேனியா மாநிலத்தில் பண்ணை நிலம் வாங்கிக் குடியேறினார். இல்லற வாழ்க்கை அமைதியாக அமையவில்லை. ஆறு முறை மணம் புரிந்தார். தொழிலிலோ தளர்ச்சி இல்லை. 1951-இல், அறுபத்தொரு வயதில், 'டார்க்னஸ் அட் நூன்' நாடகத்தில் பிரதான பாத்திரத்தை ஏற்று, நாடக உலகின் டோனி பரிசைச் சிறந்த நடிகராகப் பெற்றார். பட உலகம் நான்கு முறை மறுத்ததை மேடை ஈடு செய்தது. 1962-இல் வந்த 'லாரன்ஸ் ஆஃப் அரேபியா'விலும் ராஜதந்திரியாகச் சில காட்சிகளில் வந்து முத்திரை பதித்தார். 1967-ஆம் ஆண்டு மே 30-ந் தேதி தமது எழுபத்தேழாம் வயதில் காலமானார்.

நம் சங்கங்களின் ஆண்டுவிழா நாடகங்களில் வேடம் பிரிக்கும் நாளில், கதாநாயகன் வேடத்துக்கு ஐவர் முன்வருவர். தபால்காரர் வேடத்துக்கு ஆள் தேடவேண்டும். ஏற்றவரும், "இரண்டு வரிதானே!" என்று ஒத்திகைக்கு வராமல் இருந்துவிடுவார். அந்த இரண்டு வரிகளைத் திருத்தமாகச் சொல்வதற்கும் உழைப்பு வேண்டும். ரெயின்ஸுக்குக் கிடைத்தவை பெரும்பாலும் பிறருடைய கதையில் சில காட்சிகளே. அவற்றில் ஒன்றையேனும் அவர் அலட்சியமாகச் செய்ததாகப் படங்களைப் பார்ப்பவர் கூற முடியாது. வேடத்தின் அளவைப் பிறர் தீர்மானிக்கிறார்கள். அதை நிறைவாகச் செய்வது மட்டுமே நம் கையில் இருக்கிறது.