போக்கர் மேசையில் சின்னத்திரை முகங்கள்: ஆடுவது குற்றமா, விளம்பரம் செய்வது குற்றமா?

இந்தித் திரைப்படங்களில் நடித்து, 2014-ஆம் ஆண்டு 'பிக் பாஸ்' நிகழ்ச்சியின் எட்டாவது பருவத்தில் போட்டியாளராகப் பங்கேற்றவர் மினிஷா லம்பா. பின்னர் அவர் போக்கர் சீட்டாட்ட வீராங்கனையாகவும் அறியப்பட்டார். இந்த ஆட்டத்தை விரும்பும் சின்னத்திரைப் பிரபலங்கள் எதைச் செய்யலாம், எதைச் செய்யக்கூடாது என்பதை 2025-ஆம் ஆண்டின் மத்திய சட்டம் மாற்றியமைத்துள்ளது.

திறமையா, அதிர்ஷ்டமா?

போக்கரின் பிரபல வகையில் ஒவ்வொருவருக்கும் இரண்டு சீட்டுகள் மறைவாக வழங்கப்படும். ஐந்து சீட்டுகள் பொதுவில் திறக்கப்படும். கையில் வரும் சீட்டு அதிர்ஷ்டம். பந்தயத்தை உயர்த்துவதா, விலகுவதா என்று கணிப்பது திறமை.

ரம்மி பெரும்பாலும் திறமை சார்ந்த ஆட்டம் என்று 1968-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. போக்கர் குறித்து உயர் நீதிமன்றங்கள் வேறுபட்டன. குஜராத் உயர் நீதிமன்றம் 2017-இல் அதைச் சூதாட்டமாகவே கருதியது. சென்னை உயர் நீதிமன்றமோ 2023 நவம்பரில், ரம்மியும் போக்கரும் திறமை ஆட்டங்கள் எனக் கூறி, அவற்றுக்குத் தமிழக அரசு விதித்த இணையவழித் தடையை நீக்கியது.

புதிய சட்டம் கூறுவது என்ன?

2025 ஆகஸ்ட் 22-இல் குடியரசுத் தலைவரின் ஒப்புதலைப் பெற்ற இணையவழி விளையாட்டு ஊக்குவிப்பு மற்றும் ஒழுங்குமுறைச் சட்டம், இந்த வேறுபாட்டையே கணக்கில் கொள்ளவில்லை. பணம் கட்டிப் பணம் வெல்லும் நோக்குடைய இணையவழி ஆட்டம் எதுவாயினும் அதை வழங்கத் தடை விதிக்கிறது. வழங்குவோருக்கு மூன்று ஆண்டுகள் வரை சிறை, ரூ.1 கோடி வரை அபராதம் அல்லது இரண்டும் விதிக்கப்படலாம். விளம்பரம் செய்வோருக்கு இரண்டு ஆண்டுகள் வரை சிறை, ரூ.50 லட்சம் வரை அபராதம் அல்லது இரண்டும் விதிக்கலாம். ஆடுபவருக்கு இச்சட்டத்தில் தண்டனை இல்லை.

ஆகவே, போக்கர் ஆடத் தெரிந்த நடிகருக்கு இச்சட்டத்தால் வரும் ஆபத்து ஆட்டத்தில் இல்லை. பணம் வைத்து ஆடும் செயலிக்குத் தம் முகத்தை வழங்குவதில்தான் உள்ளது.

அந்தமானுக்கும் பொருந்துமா?

பொருந்தும். இச்சட்டம் நாடு முழுமைக்குமானது என்பதால், போர்ட் பிளேர் எனப்பட்ட ஸ்ரீ விஜயபுரத்தில் கைப்பேசியில் ஆடுவோருக்கு வழங்கப்படும் சேவையும் இதன் வரம்புக்குள் வரும். வெளிநாட்டிலிருந்து இயங்கும் தளங்களும் விதிவிலக்கல்ல. ஆனால், கோவாவின் சூதாட்ட விடுதிகளில் நேரில் அமர்ந்து ஆடுவது இதில் அடங்காது. அதற்கு அம்மாநிலச் சட்டமே பொருந்தும்.

இச்சட்டத்தை எதிர்த்து உயர் நீதிமன்றங்களில் தொடரப்பட்ட வழக்குகளை 2025 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் தன்னிடம் மாற்றிக்கொண்டது.