கேம்ஷாஃப்ட் சென்சார்: பழுதைக் கண்டறிவதும் மாற்றுவதும்

நான்கு ஸ்ட்ரோக் இன்ஜினில் ஒரு சிலிண்டர் காற்றை உள்ளிழுத்து, அமுக்கி, எரித்து, புகையை வெளியே தள்ளி முடிப்பதற்குள் கிராங்க்ஷாஃப்ட் இரண்டு முறை சுழன்றுவிடுகிறது. வால்வுகளைத் திறந்து மூடும் கேம்ஷாஃப்ட் அதே நேரத்தில் ஒரே முறைதான் சுழல்கிறது. கேம்ஷாஃப்ட் பொசிஷன் சென்சாரின் தேவை இந்த இரண்டுக்கு ஒன்று கணக்கிலிருந்துதான் பிறக்கிறது. இந்த நான்கு வேலைகளும் முடிவதற்குள் பிஸ்டன் இரண்டு முறை சிலிண்டரின் உச்சிக்கு வருகிறது. ஒருமுறை கலவையை அமுக்கிக்கொண்டு வருகிறது, மறுமுறை எரிந்த புகையைத் தள்ளிக்கொண்டு வருகிறது. கிராங்க்ஷாஃப்டை மட்டும் பார்த்தால் இரண்டும் ஒன்றுபோலவே தெரியும். இதில் எது எது என்று இன்ஜினின் கம்ப்யூட்டரான இ.சி.யூ.வுக்குச் சொல்வது, கேம்ஷாஃப்டின் பக்கத்தில் ஒற்றை போல்ட்டில் நிற்கும் விரல் நீளச் சென்சார்.

டிஸ்ட்ரிபியூட்டர் இருந்த காலத்தில் இப்படியொரு சென்சாருக்கு வேலையே இருக்கவில்லை. அம்பாசடரிலும் கார்பரேட்டர் காலத்து மாருதி 800-லும் டிஸ்ட்ரிபியூட்டரைச் சுழற்றியது கேம்ஷாஃப்ட்தான். எந்த சிலிண்டருக்கு எப்போது தீப்பொறி என்ற ஒழுங்கு அந்த இணைப்பிலேயே அடங்கியிருந்தது. பிறகு சிலிண்டருக்கு ஓர் இக்னிஷன் காயில், ஓர் இன்ஜெக்டர் என்று ஆனபோது அந்த ஒழுங்கை இ.சி.யூ. கணக்குப் போட்டு உருவாக்க வேண்டியதாயிற்று. கணக்குக்கு வேண்டிய தகவல் இரண்டு இடங்களிலிருந்து வருகிறது. கிராங்க் சென்சார் வேகத்தையும் கோணத்தையும் நுட்பமாகச் சொல்கிறது. பல கார்களில் அதன் எதிரே சுழலும் சக்கரத்தில் 60 பற்களுக்கு இடம் வகுத்து, இரண்டு பற்கள் மட்டும் இல்லாமல் விட்டிருப்பார்கள். அந்த இடைவெளிதான் கோணத்தை எண்ணத் தொடங்கும் புள்ளி. நடப்பது இரண்டு சுழற்சிகளில் முதலாவதா, இரண்டாவதா என்பதைக் கேம் சென்சார் பிரித்துக் காட்டுகிறது. இன்ஜின் நிமிடத்துக்கு 3000 முறை சுழலும்போது ஒரே சிலிண்டரில் ஒரு தீப்பொறிக்கும் அடுத்ததற்கும் நடுவே இருப்பது 40 மில்லி வினாடி. அதற்குள் எல்லா முடிவுகளும் எடுக்கப்பட்டாக வேண்டும்.

வால்வு திறக்கும் நேரத்தை ஓட்டத்திலேயே முன்பின்னாக மாற்றும் இன்ஜின்களில் இந்தச் சென்சாருக்கு இன்னொரு பொறுப்பும் சேர்கிறது. இ.சி.யூ. கேட்ட கோணத்துக்குக் கேம்ஷாஃப்ட் உண்மையில் திரும்பியதா என்று பார்த்துச் சொல்வது அதன் வேலை. இன்டேக், எக்ஸாஸ்ட் இரண்டு கேம்ஷாஃப்டுகளும் அப்படி மாறக்கூடியவை என்றால் இரண்டு சென்சார்கள் இருக்கும். வி-6 இன்ஜினில் நான்குகூட இருக்கலாம்.

சென்சாரில் இரண்டு வகை உண்டு. பழைய வகை, காந்தத்தைச் சுற்றிச் செப்புக் கம்பிச் சுருள் கொண்டது. எதிரே பல் கடக்கும்போதெல்லாம் சுருளில் தானாகவே சிறு மின்னழுத்தம் பிறக்கும் என்பதால் இதற்கு வெளியிலிருந்து மின்சாரம் வேண்டாம். பெரும்பாலும் இரண்டு ஒயர்களே இருக்கும். இன்றைய கார்களில் அதிகம் காணப்படுவது ஹால் வகை. மின்சாரம் பாயும் கடத்தியைக் காந்தப்புலத்தில் வைத்தால் அதன் குறுக்கே மின்னழுத்தம் தோன்றுவதை அமெரிக்க இயற்பியலாளர் எட்வின் ஹால் 1879-இல் கண்டறிந்தார். அந்த விளைவைப் பயன்படுத்தும் சிறிய சிப் ஒன்று சென்சாரின் நுனியில் இருக்கிறது. மின்சாரம், எர்த், சிக்னல் என்று இதற்கு மூன்று ஒயர்கள். சிக்னல் ஒயரில் மின்னழுத்தம் ஏறக்குறைய 5 வோல்ட்டுக்கும் பூஜ்யத்துக்கும் இடையே சட்டென்று மாறிக்கொண்டே இருக்கும். கப்ளரில் எத்தனை ஒயர்கள் என்று எண்ணுவதிலிருந்தே சோதனையின் வழி பிரிந்துவிடுகிறது.

கேம் சென்சார் பழுதானால் கார் காட்டும் அறிகுறிகள் பல. முதலில் டேஷ்போர்டில் செக் இன்ஜின் விளக்கு எரியும். காலையில் செல்ஃப் வழக்கத்தைவிட நீண்ட நேரம் அடித்த பிறகே வண்டி ஸ்டார்ட் ஆகும். இ.சி.யூ. கிராங்க் சிக்னலை மட்டும் வைத்துச் சரியான சுழற்சியை யூகித்துத் தேடுவதால் வரும் தாமதம் அது. பிக்கப் குறையும், மைலேஜ் இறங்கும், குறிப்பிட்ட வேகத்துக்கு மேல் இன்ஜின் ஏற மறுக்கும். ஓடிக்கொண்டிருக்கும்போது கேம் சிக்னல் நின்றுபோனால் பல பெட்ரோல் கார்கள் கிராங்க் சென்சாரின் உதவியோடு தொடர்ந்து ஓடும். எல்லாக் கார்களும் அப்படி அல்ல. காமன் ரெயில் டீசல் இன்ஜின்கள் பலவற்றில் கேம் சிக்னல் இல்லாவிட்டால் ஸ்டார்ட்டே ஆகாது. சில சென்சார்கள் சூடேறியதும் உள்ளே இணைப்பு விட்டுப்போய் வண்டியை நடுவழியில் நிறுத்திவிடும். அரை மணி நேரம் ஆறவிட்டால் மறுபடி ஸ்டார்ட் ஆகும். ஒர்க்‌ஷாப்புக்கு வரும் நேரத்தில் எல்லாம் சரியாக இருப்பதால் இந்த வகைப் பழுதைப் பிடிப்பதுதான் கடினம்.

அறிகுறியை வைத்து மட்டும் கேம் சென்சாரைக் குற்றம் சொல்ல முடியாது. எரிபொருள் பம்ப் தளர்ந்தாலும், பேட்டரி பலவீனமானாலும் ஸ்டார்ட் ஆகத் தாமதமாகும். வெந்நிலையில் நின்றுபோவது கிராங்க் சென்சாரின் பழுதுக்கும் பெயர்பெற்ற அறிகுறி. அதனால் தேடல் ஸ்கேனரிலிருந்து தொடங்குவதே முறை. அமெரிக்காவில் 1996 மாடல் கார்களிலிருந்து ஓ.பி.டி.-2 என்ற பொதுவான கண்டறியும் முறை கட்டாயமானது. இந்தியாவில் பி.எஸ்.-4 கார்களுக்கு 2013 ஏப்ரலில் அது வந்தது. ஸ்டியரிங்குக்குக் கீழே இருக்கும் 16 முனை சாக்கெட்டில் ஸ்கேனரையோ, செல்போனோடு இணையும் ப்ளூடூத் அடாப்டரையோ செருகினால் இ.சி.யூ. பதிந்துவைத்த பழுதுக் குறியீட்டைப் படிக்கலாம்.

பி0340 என்பது கேம் சென்சார் சர்க்யூட்டில் கோளாறு என்று பொருள்படும் குறியீடு. சிக்னல் எதிர்பார்த்தபடி இல்லை என்றால் பி0341 வரும், மின்னழுத்தம் மிகக் குறைந்திருந்தால் பி0342, மிக அதிகமாக இருந்தால் பி0343, விட்டுவிட்டு வந்தால் பி0344. இந்த இடத்தில்தான் வாகன உரிமையாளரின் பணம் அதிகம் வீணாகிறது. பி0340 என்று திரையில் வந்ததும் சென்சாரை மாற்றிவிடும் பழக்கம் பரவலாக இருக்கிறது. குறியீடு சுட்டுவது சர்க்யூட்டை. அந்த சர்க்யூட்டில் சென்சார், கப்ளர், ஒயர், எர்த், இ.சி.யூ. எல்லாமே அடக்கம். ஒயர் அறுந்திருக்கும் காரில் எத்தனை புதிய சென்சார் போட்டாலும் விளக்கு அணையாது. சோதித்துப் பார்க்காமல் பாகத்தை மாற்றுவது பழுதுபார்ப்பதாகாது.

குறியீட்டோடு சேர்த்து, பழுது பதிவான கணத்தில் இன்ஜின் வேகமும் வெப்பமும் எவ்வளவு இருந்தன என்பதையும் பல ஸ்கேனர்கள் காட்டும். அதைக் குறித்துக்கொள்ளாமல் குறியீட்டை அழித்துவிடக் கூடாது. அடுத்து கண்ணால் பார்க்க வேண்டியவை. சென்சார் பெரும்பாலும் சிலிண்டர் ஹெட்டின் ஓரத்திலோ டேப்பெட் கவரின் மேலோ இருக்கும். சரியான இடம் காருக்குக் கார் மாறும் என்பதால் சர்வீஸ் மேனுவலைப் பார்ப்பது நல்லது. கப்ளரைக் கழற்றினால் உள்ளே ஆயில் ஊறியிருக்கலாம். டேப்பெட் கவர் கேஸ்கெட்டின் கசிவு அங்கே வந்து சேர்வது அடிக்கடி நடக்கும். இன்ஜினை அழுத்தத் தண்ணீரால் கழுவிய பிறகு பின்கள் பச்சை பூத்திருக்கலாம். பானெட்டுக்குள் எலி புகுந்து ஒயரைக் கடிப்பது நம் ஊரில் மிகச் சாதாரணம். கப்ளருக்குப் பின்னால் ஒரு சாண் தூரம் ஒயரைத் தடவிப் பார்த்தாலே பல நேரம் விடை கிடைத்துவிடும்.

பார்வையில் குறை தெரியாவிட்டால் மல்டிமீட்டரின் முறை. மூன்று ஒயர் ஹால் சென்சாரில் கப்ளரைக் கழற்றி, சாவியை ஆன் நிலையில் வைத்து, ஒயரிங் பக்கத்தில் அளக்க வேண்டும். ஒரு முனையில் மின்சாரம் வந்துகொண்டிருக்க வேண்டும். அது 5 வோல்ட்டா, 12 வோல்ட்டா என்பது காரின் வடிவமைப்பைப் பொறுத்தது. எர்த் முனைக்கும் பேட்டரியின் பாசிட்டிவுக்கும் இடையே அளந்தால் முழு பேட்டரி மின்னழுத்தம் தெரிய வேண்டும். சிக்னல் முனையில் பல கார்களில் இ.சி.யூ. அனுப்பும் ஏறக்குறைய 5 வோல்ட் இருக்கும். இவற்றில் ஒன்று இல்லையென்றால் பழுது சென்சாரில் இல்லை, அதற்கு வரும் வழியில் இருக்கிறது. மூன்றும் சரியாக இருந்தால் கப்ளரைத் திரும்ப மாட்டி, ஒயரின் பின்பக்கமாக மெல்லிய முனையைச் செருகி, செல்ஃப் அடிக்கும்போது சிக்னலைப் பார்க்க வேண்டும். நல்ல சென்சாரில் அளவு நிலையாக நிற்காமல் மேலும் கீழும் மாறும். பூஜ்யத்திலோ 5 வோல்ட்டிலோ உறைந்து நின்றால் சென்சார் மீதான சந்தேகம் உறுதிப்படுகிறது. ஹால் சென்சாரின் மின்தடையை ஓம்மில் அளந்து முடிவு சொல்வதில் பயனில்லை. உள்ளே மின்னணு சிப் இருப்பதால் அந்த எண் எதையும் நிரூபிக்காது. ஓம் அளவு பொருந்துவது இரண்டு ஒயர் சுருள் வகைக்குத்தான். மேனுவலில் தந்திருக்கும் அளவிலிருந்து வெகுவாக விலகினாலோ, சுருள் அறுந்து அளவே காட்டாவிட்டாலோ அந்தச் சென்சாரை மாற்ற வேண்டியதுதான்.

விட்டுவிட்டு வரும் பழுதுக்குப் பொறுமை வேண்டும். இன்ஜின் ஓடும்போது ஒயரை மெல்ல அசைத்துப் பார்ப்பது ஒரு வழி. அசைக்கும்போது இன்ஜின் தடுமாறினால் குறை ஒயரிங்கிலோ கப்ளரிலோ இருக்கிறது. சென்சாரை ஹேர் டிரையரால் சூடாக்கி, சிக்னல் எப்போது நின்றுபோகிறது என்று பார்ப்பது இன்னொரு வழி. ஆஸிலோஸ்கோப் இருக்கும் ஒர்க்‌ஷாப்பில் வேலை எளிது. கேம், கிராங்க் இரண்டின் அலைகளையும் ஒரே திரையில் அடுத்தடுத்து வைத்துப் பார்க்கும்போது, காணாமல் போகும் ஒரே ஒரு துடிப்புகூடத் தப்பாது.

பி0016 என்ற குறியீடு வந்தால் மட்டும் நிதானிக்க வேண்டும். கேம்ஷாஃப்டும் கிராங்க்ஷாஃப்டும் ஒன்றுக்கொன்று இருக்க வேண்டிய கோணத்தில் இல்லை என்று இ.சி.யூ. சொல்கிறது. சென்சார் உண்மையையே சொல்லிக்கொண்டிருக்கலாம். டைமிங் செயின் நீண்டிருக்கலாம், பெல்ட் ஒரு பல் தாண்டியிருக்கலாம், வால்வு டைமிங்கை மாற்றும் அமைப்பில் ஆயில் ஓட்டம் தடைப்பட்டிருக்கலாம். செயினின் பழுதைச் சென்சாரின் பழுது என்று எண்ணி ஓட்டிக்கொண்டே போனால், பல இன்ஜின்களில் வால்வும் பிஸ்டனும் மோதி ஹெட் வேலை வரைக்கும் செலவு போய்விடும்.

சென்சார்தான் பழுது என்று முடிவானபின் அதை மாற்றுவது, கை எட்டும் இடத்தில் இருந்தால், அரை மணி நேர வேலை. இன்ஜின் நன்றாக ஆறியிருக்க வேண்டும். சாவியை எடுத்துவிட்டு பேட்டரியின் நெகட்டிவ் முனையைக் கழற்றிவிட வேண்டும். சென்சாரைச் சுற்றியுள்ள மண்ணையும் ஆயிலையும் முதலில் துடைத்துவிட்டால் கழற்றும்போது அழுக்கு இன்ஜினுக்குள் விழாது. கப்ளரின் பூட்டை அமுக்கி விடுவித்து இழுக்க வேண்டும், ஒயரைப் பிடித்து இழுக்கக் கூடாது. பல கார்களில் போல்ட் 10 மி.மீ. ஸ்பானருக்கு வரும். போல்ட் கழன்ற பின்னும் சென்சார் பிடித்துக்கொண்டிருக்கும், ஏனென்றால் அதன் ஓ-ரிங் வெப்பத்தில் இறுகியிருக்கும். ஸ்க்ரூடிரைவரால் நெம்பினால் பிளாஸ்டிக் உடைந்து ஒரு துண்டு உள்ளேயே நின்றுவிடும் அபாயம் உண்டு. இடமும் வலமுமாகத் திருப்பித் திருப்பித் தளர்த்தி நேராக இழுப்பதே பாதுகாப்பு.

வெளியே வந்த பழைய சென்சாரின் நுனியைப் பார்க்காமல் தூக்கிப் போடக் கூடாது. அதில் இரும்புத்தூள் ஒட்டியிருந்தால் இன்ஜினுக்குள் ஏதோ தேய்கிறது என்று பொருள். நுனியில் உரசல் கோடுகள் இருந்தால் சுழலும் சக்கரம் அதைத் தொட்டிருக்கிறது. அப்படியானால் புதிய சென்சாரும் அதே கதிக்குத்தான் ஆளாகும். பழைய ஓ-ரிங் துளைக்குள் தங்கிவிடவில்லை என்பதையும் உறுதிசெய்துகொள்ள வேண்டும்.

புதிய சென்சாரைப் பழையதோடு பக்கத்தில் வைத்து நீளம், கப்ளர் வடிவம், பாக எண் மூன்றையும் ஒப்பிட வேண்டும். நுனிக்கும் சக்கரத்துக்கும் நடுவே ஏறக்குறைய 1 மி.மீ. இடைவெளியில் இயங்கும் பாகம் இது. நீளத்தில் சிறு வித்தியாசம்கூட சிக்னலைக் கெடுக்கும். போலி பாகங்கள் உலவும் சந்தையில் கார் நிறுவனத்தின் அசல் பாகத்தையோ, பெயர்பெற்ற சென்சார் தயாரிப்பாளரின் பாகத்தையோ ரசீதோடு வாங்குவதுதான் பாதுகாப்பு. ஓ-ரிங்கில் துளி இன்ஜின் ஆயிலைத் தடவி, கையால் அழுத்திச் சென்சாரை முழுதும் உட்கார வைத்த பிறகே போல்ட்டை முடுக்க வேண்டும். போல்ட்டால் இழுத்து உட்கார வைத்தால் சென்சாரில் போல்ட் நுழையும் காது உடையும். முறுக்கு பல கார்களில் 10 நியூட்டன் மீட்டரை ஒட்டியதுதான், சிறிய ஸ்பானரில் மிதமான கைப்பலம் போதும்.

கப்ளர் ‘கிளிக்’ என்று பூட்டியதும் பேட்டரியை இணைத்து, பழைய குறியீட்டை அழித்து, இன்ஜினை ஸ்டார்ட் செய்ய வேண்டும். சில கார்களில் கேம், கிராங்க் நிலைகளை இ.சி.யூ.வுக்கு மறுபடி கற்றுக்கொடுக்கும் வேலை ஸ்கேனர் மூலம் தேவைப்படும். ஓட்டிப் பார்க்கும்போது இன்ஜின் முழுச் சூட்டை எட்ட வேண்டும். பிறகு அணைத்து, வெந்நிலையிலேயே இரண்டு மூன்று முறை ஸ்டார்ட் செய்து பார்க்க வேண்டும். அதன்பின் ஸ்கேனரில் நிலுவைக் குறியீடு ஏதும் இல்லையென்றால் வேலை முடிந்தது. அதே குறியீடு திரும்பி வந்தால் இன்னொரு சென்சார் வாங்கப் போவதற்கு முன், கப்ளரிலிருந்து இ.சி.யூ. வரை ஒவ்வொரு ஒயரையும் தனித்தனியே அளக்க வேண்டும். அதுவும் சரியென்றால் கேம்ஷாஃப்டில் சென்சாருக்கு எதிரே இருக்கும் சக்கரம் உடைந்தோ நகர்ந்தோ இருக்கிறதா, டைமிங் குறிகள் நேராக நிற்கின்றனவா என்று பார்க்க வேண்டும். இவை எல்லாம் சரியாக இருந்தால்தான் இ.சி.யூ.வைச் சந்தேகிக்கலாம்.