பெயர் மாறிய பீரங்கிப் படகு: 'யுங்பெங்' முதல் 'சுங்ஷான்' வரை

பீரங்கிப் படகு என்பது ஆசிய மக்கள் தம் ஆற்று முகத்துவாரங்களில் முதன்முதலில் அந்நியன் கையிலேயே கண்ட ஒரு கருவியாகும். ஆழங்குறைந்த நீரிலும் செல்லக்கூடிய இச்சிறு கப்பல்களின் துணையுடனேயே, 19ஆம் நூற்றாண்டிலே, ஐரோப்பிய வல்லரசுகள் சீனத்தின் உள்நாட்டுச் சந்தைகளைத் திறந்துகொண்டன. அக்கருவியைச் சீன அரசு தானே விலை கொடுத்து வாங்கியபோது நேர்ந்தது யாது என்பதை ஆராய, 'யுங்பெங்' என்னும் கப்பலின் வரலாறு பெரிதும் உதவும்.

1894-95 போரிலே யப்பானிடம் தன் வட கடற்படையை முற்றாக இழந்த சிங் பேரரசு, 1910இல் அதே யப்பானின் நாகசாகி நகரிலுள்ள மிற்சுபிசிக் கப்பற்றளத்திலேயே இப்படகைக் கட்டுமாறு பணித்தது. நீரில் மூழ்குவோன் கைக்கெட்டியதைப் பற்றுவது போன்ற செயல் இது. ஏறத்தாழ 780 தொன் எடையும் 62 மீற்றர் நீளமும் மணிக்கு 13 கடல்மைலுக்குச் சற்றுக் கூடிய வேகமும் கொண்ட அப்படகு 1912இல் நீரில் இறக்கப்பட்டபோது, அதனை வாங்கப் பணித்த பேரரசு வீழ்ந்துவிட்டது. 1913இல் அது குடியரசின் கடற்படையிற் சேர்ந்தது.

ஆயினும் குடியரசு என்பது பெயரளவிலேயே இருந்தது. பீக்கிங்கில் யுத்தப் பிரபுக்களின் ஆட்சி நடைபெற, அரசியலமைப்பைக் காப்பதாகக் கூறி 1917இல் சன் யாற் சென் தெற்கே கன்ரன் நகரில் ஓர் எதிர் அரசை நிறுவினார். செங் பிகுவாங்கின் தலைமையில் கடற்படையின் ஒரு பகுதி அவருடன் சென்றது. யுங்பெங்கும் அதில் அடங்கும். சொந்தமாகப் படை திரட்டாத ஒரு புரட்சித் தலைவர் பிறருடைய படைகளை நம்பி வாழ்வதன் ஆபத்து விரைவிலேயே வெளிப்பட்டது. 1922 யூன் 16ஆம் நாள், அவருடைய கூட்டாளியாக இருந்த சென் சியுங்மிங்கின் படையினர் அவரது மாளிகையைத் தாக்கினர். தப்பியோடிய சன், சில நாட்களில் யுங்பெங்கில் தஞ்சமடைந்தார். முத்து ஆற்றிலே, கரைக்கோட்டைகளின் எறிகணைகளுக்கிடையே, ஓகஸ்ட் 9ஆம் நாள் வரை அப்படகே ஓர் அரசின் தலைமையகமாயிற்று. ஷங்காயிலிருந்து வந்து அக்கப்பலில் அவருடன் தங்கிய இளம் அதிகாரி சியாங் கை சேக், பின்னர் அந்நாட்களைப் பற்றி ஒரு நூல் எழுதினார். அதற்கு முன்னுரை வழங்கியவர் சன். சியாங்கின் அரசியல் முதலீடு அங்கேதான் தொடங்கிற்று எனலாம்.

1925 மார்ச்சில் சன் மறைந்தார். சீனர் அவரை வழங்கும் 'சுங்ஷான்' என்னும் பெயர் அவ்வாண்டே கப்பலுக்குச் சூட்டப்பட்டது. ஓராண்டு கழிவதற்குள் அப்பெயர் ஒரு சதிப்புரட்சியின் பெயராகிவிட்டது.

1926 மார்ச் 18ஆம் நாள் கிடைத்த ஓர் ஆணையின்படி, கடற்படைப் பணியகத்தின் பதிற்றலைவரும் கம்யூனிஸ்டுமான லி சிலுங் கப்பலை வம்போவாவிலுள்ள இராணுவக் கல்லூரிக்கு அனுப்பினார். அடுத்த நாளே அது கன்ரனுக்குத் திரும்பிற்று. அத்தகைய ஆணை எதனையும் தாம் பிறப்பிக்கவில்லை எனக் கூறிய சியாங், தம்மைக் கடத்திச் செல்லும் முயற்சி இது எனக் கருதி, 20ஆம் நாள் விடியுமுன்னர் இராணுவச் சட்டத்தை அமுல்படுத்தினார். லி கைது செய்யப்பட்டார். சோவியற் ஆலோசகர்களின் இல்லங்கள் சூழப்பட்டன. ஹொங்கொங் வேலைநிறுத்தக் குழுவின் மறியற் படையினரின் ஆயுதங்கள் பறிக்கப்பட்டன.

இது சியாங் முன்கூட்டியே திட்டமிட்ட சதி என்பதே இடதுசாரி எழுத்தாளரின் நெடுநாளைய கருத்து. 1980களின் பிற்பகுதியில் சியாங்கின் நாட்குறிப்புகளை ஆராய்ந்த யாங் தியென்ஷி, வலதுசாரிக் குழுவினர் அவருடைய ஐயுறவைத் தூண்டிப் பயன்படுத்தினர் என்றும், நிகழ்ச்சி தற்செயலாயினும் அதன் பின்னணி தற்செயலானதன்று என்றும் வாதித்தார். இவ்விளக்கமே சான்றுகளுக்குக் கூடுதலாகப் பொருந்துவதாகத் தோன்றுகின்றது. ஒரு கப்பலின் ஐயத்துக்கிடமான பயணத்தை விசாரிப்பதற்கு வேலைநிறுத்தத் தொழிலாளரின் துப்பாக்கிகளைப் பறிக்கவேண்டிய தேவை இல்லை. தாக்கப்பட்ட இலக்குகளை நோக்கினால் வர்க்க உறவுகளின் திசை தெளிவாகும். கட்சியின் தலைமையிலிருந்த வாங் சிங்வெய் விரைவில் பிரான்சுக்குச் சென்றார்; மே மாதத்தில் கோமின்டாங்கின் உயர்பதவிகளில் கம்யூனிஸ்டுகளின் எண்ணிக்கை மட்டுப்படுத்தப்பட்டது. இத்தனைக்குப் பின்னும் கூட்டணியைத் தொடரவேண்டுமென்றே மொஸ்கோ அறிவுறுத்திற்று. 1927 ஏப்ரிலில் ஷங்காய்த் தொழிலாளர் அதற்குரிய விலையைச் செலுத்தினர். லி சிலுங் 1928இல் கன்ரனிற் கொல்லப்பட்டார்.

கப்பலின் இறுதிப் பணி யாங்சி ஆற்றில் அமைந்தது. 1938இல் வூகான் நகரைக் காக்கும் போரின்போது, அதன் பெரும் பீரங்கிகள் கழற்றப்பட்டுக் கரையரண்களுக்கு அனுப்பப்பட்டிருந்தன. ஒக்டோபர் 24ஆம் நாள் சின்கௌ அருகே ஆறு யப்பானிய விமானங்கள் அதனைத் தாக்கின. காயமுற்ற கப்பற்றலைவர் சா ஷிசுன் கப்பலை விட்டகல மறுத்தார். அவர் உட்பட 25 பேர் மாண்டனர். யப்பானியத் தளத்திற் பிறந்த கப்பல் யப்பானியக் குண்டுகளால் ஆற்றடி சேர்ந்தது.

58 ஆண்டுகள் சேற்றில் கிடந்த அதனை 1997 சனவரியில் வெளியே எடுத்தனர். 1925இல் இருந்த தோற்றத்துக்கு அது புதுப்பிக்கப்பட்டது. 2011இல், மூழ்கிய இடத்துக்கு அருகிலேயே, அதற்கென ஓர் அருங்காட்சியகம் திறக்கப்பட்டது. புதுப்பித்தோர் குண்டுகள் கிழித்த இரும்புத் தகடுகளை மட்டும் மூடாது விட்டுள்ளனர்.