வாபஸ் மெமோவில் கையெழுத்துப் போடும் முன்

‘மனு தள்ளுபடி’ என்று பேப்பரில் வந்துவிட்டால் கட்சிக்காரர் தோற்றுவிட்டார் என்றே நாகர்கோவில் டீக்கடைகளில் பேச்சு எழும். எல்லா நேரமும் அப்படியல்ல. ‘வாபஸ் பெறப்பட்டதால் தள்ளுபடி’ என்றால் நியாயம் யார் பக்கம் என்பதை நீதிபதி தொடவே இல்லை என்று பொருள். மறுபடி வழக்குப் போட முடியுமா என்பது, ‘புதிதாகத் தாக்கல் செய்ய அனுமதி அளிக்கப்படுகிறது’ என்ற வரி உத்தரவில் இருக்கிறதா இல்லையா என்பதைப் பொறுத்தது.

1908-ம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 23, விதி 1 இதைச் சொல்கிறது. வாதி தன் வழக்கை எப்போது வேண்டுமானாலும் கைவிடலாம். அதே விஷயத்துக்குத் திரும்பி வர வேண்டுமானால், அமைப்புக் குறையால் (அதாவது வழக்கு போட்ட விதத்தில் உள்ள குறையால்) வழக்கு தோற்கும் என்றோ வேறு தகுந்த காரணமோ காட்டி அனுமதி வாங்க வேண்டும்.

குமரியில் அந்தக் குறைக்குப் பஞ்சமில்லை. 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர்-கொச்சியோடு இருந்த மண் இது. பழைய ஆதாரங்கள் பல மலையாளத்தில், கொல்லம் ஆண்டுக் கணக்கில் இருக்கும். அதில் பழைய சர்வே எண். இன்றைய பட்டாவில் ரீசர்வே எண். தோவாளையில் ஒரு வயலுக்கு வழக்குப் போட்டு, எண்ணை மாற்றி எழுதிவிட்டால் தீர்ப்பு பக்கத்து வயலுக்குப் போய்விடும். வெறும் எழுத்துப் பிழை என்றால் திருத்த மனு போதும். விசாரணை தொடங்கிய பிறகு அதுவும் லேசில் கிடைக்காது. சேர்க்க வேண்டிய பங்காளியைச் சேர்க்காமல் விட்டாலோ, அரசுக்கு அதே சட்டத்தின் 80-வது பிரிவின்படி இரண்டு மாத நோட்டீஸ் கொடுக்காமல் வழக்குப் போட்டாலோ, வாபஸ் வாங்கிப் புதிதாகப் போடுவதுதான் பல நேரம் வழி.

சாட்சி சொதப்பிவிட்டார், தீர்ப்பு எதிராகப் போகும் போலிருக்கிறது என்பதெல்லாம் அமைப்புக் குறை ஆகாது. தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில் இரண்டாவது மேல்முறையீட்டில் உயர் நீதிமன்றம் கொடுத்த இத்தகைய அனுமதியை 2000-ல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. எனக்கு அது சரியாகவே படுகிறது. எதிர்த்தரப்புக்காரரும் வருஷக்கணக்கில் கோர்ட்டுக்கு நடந்தவர்தானே!

ரிட் மனுவுக்கும் இதே கணக்குதான். அன்றைய மத்தியப் பிரதேசத்தின் சர்குஜா டிரான்ஸ்போர்ட் நிறுவனம் அனுமதி கேட்காமல் ரிட்டை வாபஸ் வாங்கியது. அதே உத்தரவை எதிர்த்து மறுபடி ரிட் போட முடியாது என்று 1986-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆட்கொணர்வு மனு போன்ற தனிநபர் சுதந்திர வழக்குகளுக்கு இது பொருந்துவதாகக் கொள்ளக் கூடாது என்றும் சொன்னது.

அனுமதி கிடைத்தவர்களும் கோட்டை விடுவது காலவரம்பில். முதல் வழக்கே போடாதது போலத்தான் கணக்கு என்கிறது கட்டளை 23-ன் விதி 2. மூன்று வருஷக் கெடு உள்ள விஷயத்தில் முதல் வழக்கு நான்கு வருஷம் ஓடியிருந்தால், கையில் அனுமதி இருந்தும் பெரும்பாலும் பயனில்லை. அதிகார வரம்பு இல்லாத கோர்ட்டில் போட்டது போன்ற குறைகளுக்கு மட்டும், நல்லெண்ணத்தோடும் கவனத்தோடும் வழக்கு நடத்தியிருந்தால், காலவரம்புச் சட்டத்தின் 14-வது பிரிவு கைகொடுக்கும். வழக்கு போனால் இடைக்காலத் தடை உத்தரவும் கூடவே போய்விடும். எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகை கட்டச் சொல்லவும் நீதிபதிக்கு அதிகாரம் உண்டு.

ஆகவே, வாபஸ் மெமோவில் கையெழுத்துப் போடும் முன் வக்கீலிடம் இரண்டு கேள்வி கேளுங்கள்: மறுபடி தாக்கல் செய்ய அனுமதி கேட்டிருக்கிறோமா? கெடு இன்னும் எத்தனை நாள் இருக்கிறது? உத்தரவு வந்ததும் சான்றிட்ட நகல் வாங்கி, அந்த ஒரு வரி இருக்கிறதா என்று நீங்களே படித்துப் பாருங்கள்.