மூன்றாம் நாளில்தான் கவனம் வேண்டும்

நாய்க்கோ பூனைக்கோ கருத்தடை செய்ய நாள் குறித்ததும் நல்ல டாக்டரைத் தேடுகிறோம், செலவை விசாரிக்கிறோம். அது பயப்படுமே என்று யாராவது சொன்னால் வீண் செல்லமாகத் தோன்றுகிறது. ஆனால் பயத்தைத் தணிப்பதும் சிகிச்சையில் சேர்ந்ததுதான். மிரண்ட உடம்பில் அட்ரினலின் பெருகி, இதயம் படபடத்து, ரத்த அழுத்தம் ஏறுகிறது. அப்போது மயக்க மருந்து கூடுதலாகத் தேவைப்படலாம்; மயக்கம் தெளியும்போதும் கத்தலும் உதறலுமாக எழக்கூடும். பதற்றம் நாள்கணக்கில் நீடித்தால் புண் ஆறுவதும் தள்ளிப்போகும். ஆகவே, ஆயத்தம் ஓரிரு வாரம் முன்பே தொடங்க வேண்டும். பரணில் கிடக்கும் பூனைக்கூடையை அன்று காலை இறக்கினால், அதைக் கண்டதுமே பூனை கட்டிலுக்கடியில் ஓடி ஒளியும். முன்கூட்டியே கூடத்தில் திறந்துவைத்து, உள்ளே பழந்துணி விரித்து, சோற்றையும் அங்கேயே வைத்துவந்தால் தானாகவே போய்ப் படுக்கும். புண்ணை நக்காதபடி கழுத்தில் மாட்டும் கூம்புக் காலரையும் தின்பண்டம் கொடுத்து அப்படியே பழக்கலாம்.

மிகவும் மிரளும் பிராணி என்றால் டாக்டரிடம் சொல்லிவிடுங்கள். முதல்நாள் இரவும், புறப்படுவதற்குச் சில மணி நேரம் முன்பும் பதற்றம் தணிக்கும் கேபபென்டின் மருந்தைக் கொடுக்கச் சொல்வது இப்போது வழக்கமாகிவருகிறது. மருந்து கொடுத்து மந்தமாக்குவது கொடுமையில்லையா என்று கேட்பவர்கள் உண்டு. எலும்பு அறுவை சிகிச்சை முடிந்த நாய்களுக்கு பதற்றம் தணிக்கும் இன்னொரு மருந்தான டிராசோடோன் கொடுத்துப் பார்த்த அமெரிக்க ஆய்வொன்று 2014இல் வெளியானது. நாய் அமைதியாக இருந்ததாகப் பெரும்பாலான உரிமையாளர்கள் சொன்னார்கள். மருந்து கொடுக்காத நாய்களோடு ஒப்பிடாததால் அதை முடிந்த முடிவாகக் கொள்ள முடியாது. ஆனாலும் அடைபட்ட இடத்தில் தவித்துத் தையலைப் பிய்த்துக்கொள்வதைவிட, டாக்டர் அளந்து தரும் மருந்து கருணையானது என்றே நினைக்கிறேன். வலி மாத்திரையும் டாக்டர் சொன்னதாகவே இருக்க வேண்டும். நாம் காய்ச்சலுக்குப் போட்டுக்கொள்ளும் பாராசிட்டமால் பூனையின் உயிரையே எடுத்துவிடும்.

உண்மையான சோதனை வீடு திரும்பிய மூன்றாம் நாள் வரும். அதற்குள் பெட்டைநாய் வாலை ஆட்டிக்கொண்டு சோபாவில் தாவப் பார்க்கும். தோல் ஒட்டியதுபோலத் தெரியும்; அடியில் வயிற்றுத் தசையில் போட்ட தையல் இன்னும் இறுகியிருக்காது. தாவினால் அங்கே நீர் கோத்து வீங்கலாம், தையலே விட்டுப்போகலாம். அதனால் 10 முதல் 14 நாள் வரை ஓட்டமும் மாடிப்படியும் கூடாது. சிறுநீர் கழிக்கக்கூடக் கயிற்றோடுதான் வெளியே விட வேண்டும். தெருநாய்க்கு இவ்வளவு பார்க்கிறார்களா என்று கேட்கலாம். அவற்றையும் சில நாள் கூண்டில் வைத்துப் பார்த்த பிறகே விட வேண்டும். நக்கினால் புண் ஆறும் என்பதும் சரியல்ல. சொரசொரப்பான நாக்கு தையலை இழுக்கும், எச்சில் கிருமியைச் சேர்க்கும். அடைபட்டிருக்கும் நாய்க்குத் தேவை மூக்குக்கு வேலை. பழைய துண்டில் சப்பாத்தித் துணுக்குகளை வைத்துச் சுருட்டிப் போட்டால், ஒவ்வொரு மடிப்பாக மோந்து மோந்து பிரிக்கும். ஓடாமலே களைத்து உறங்கிவிடும். வீட்டில் இன்னொரு பூனை இருந்தால், ஆஸ்பத்திரி வாடையோடு வருவதைப் பார்த்துச் சீறும். வாடை போகும்வரை தனி அறைதான் நல்லது. வெடிச்சத்தத்துக்கு நடுங்கும் பிராணியென்றால், தீபாவளியை ஒட்டிய வாரங்களில் நாளே குறிக்காதீர்கள்.