கம்பி அறவிடும் வரி

ஆடிவேல் நாளில், செட்டியார் தெருவிலிருந்து புறப்பட்ட வேல் இரதம் காலி வீதி வழியே பம்பலப்பிட்டியை நோக்கி வரும் வேளையில், பக்தர்களின் தாகந்தீர்க்க வீதியோரத்தில் ஒரு தண்ணீர்ப்பந்தல் அமைத்து, ஐம்பது மீற்றர் தூரத்து வீடொன்றிலிருந்து வயர் இழுத்து மின்குமிழ்களை ஏற்றியிருக்கிறோம் என்று வைத்துக்கொள்வோம். தேநீருக்காக மின்கேத்தலையும் போட்ட மாத்திரத்தில் குமிழ்களின் பிரகாசம் மங்குகிறது. வீட்டில் 230 வோல்ற்று இருக்க, பந்தலில் குறைந்தது எங்ஙனம்?

இவ்வினாவுக்கு விடையளிக்கும் விதியைக் கண்டவர், ஜெர்மனியின் எர்லாங்கன் நகரத்தில் பூட்டுத் தொழிலாளி ஒருவரின் மகனாய்ப் பிறந்த ஜோர்ஜ் சைமன் ஓம். 1827இல் அவர் பிரசுரித்த நூலுக்குத் தாய்நாட்டில் தக்க மதிப்புக் கிட்டவில்லை. 1841இலேதான் லண்டன் றோயல் சங்கம் கொப்லி பதக்கம் அளித்து அவரைக் கௌரவித்தது. அவர் கண்ட உண்மையோ மிக எளிது: ஒரு தடையின் ஊடாக மின்னோட்டத்தைச் செலுத்துவதற்கு வேண்டிய அழுத்தம், அவ்வோட்டத்தையும் அத்தடையையும் பெருக்க வருவதாகும். 2 ஓம் தடையில் 3 அம்பியர் ஓடினால், அத்தடையின் இரு முனைகளுக்கிடையே 6 வோல்ற்று.

செப்புக் கம்பியும் ஒரு தடையே. ஒரு சதுர மில்லிமீற்றர் பருமனுள்ள கம்பி, போகவும் வரவுமாக நூறு மீற்றர் நீண்டால், அதன் தடை ஏறத்தாழ 1.7 ஓம். கேத்தலும் குமிழ்களும் சேர்ந்து 10 அம்பியர் இழுக்கையில், பத்தை 1.7ஆற் பெருக்க 17 வோல்ற்று. இதுவே வழியிற் கம்பி அறவிடும் வரி. பந்தலுக்கு எஞ்சுவது 213. பருமனை இரண்டரை மடங்காக்கினால், வரி 7 வோல்ற்றுக்கும் கீழே இறங்கிவிடும்.

மலைநாட்டு லக்சபானவிலிருந்து கொழும்புக்கு மின்சாரத்தை உயர் அழுத்தத்திற் கொணர்வதும் இந்த வரிக்கு அஞ்சியே. அழுத்தம் உயர்ந்தால், அதே சக்திக்கு ஓட்டம் சிறுத்து, இழப்பும் சிறுக்கிறது.

ஆகையால், வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் சாதாரண தரப் பரீட்சைக்காக இச்சூத்திரத்தை மனனஞ் செய்யும் பிள்ளைகளே, பெருக்கி வரும் விடை எந்தத் தடைக்கு உரியது என்று ஒவ்வொரு முறையும் கேட்டுப் பழகுங்கள். கம்பிக்கு உரியதைக் கம்பியிலும், குமிழுக்கு உரியதைக் குமிழிலும் வைத்துக் கணிக்கத் தெரிந்தவனுக்கே, அடுத்த ஆடிவேலில் எந்த வயரை வாங்குவதென்று தெரியும்.