முகத்தைப் பார்த்துச் சிரிக்கும் நாம்

சுந்தரம் என்னும் சொல்லுக்கு அழகு என்று பொருள். அழகன் என்று எவரும் சொல்லாத ஓர் உணவு விடுதிப் பணியாளனுக்கு அப்பெயரைச் சூட்டினார் கே. பாலசந்தர். முதலில் மேடை நாடகமாகவும், 1964-இல் கிருஷ்ணன்-பஞ்சு இயக்கத்தில் திரைப்படமாகவும் வெளிவந்தது அவர் எழுதிய 'சர்வர் சுந்தரம்'.

சுந்தரமாக நடித்த நாகேஷின் முகத்தில் மெய்யாகவே அம்மைத் தழும்புகள் இருந்தன. ரயில்வேயில் பணிபுரிந்தவர் அவர். தியாகராய நகர் கிளப் ஹவுஸில் கவிஞர் வாலியோடு தங்கி வாய்ப்புத் தேடிய நாள்களில், இந்த முகத்துக்குத் திரையில் இடமுண்டா என்ற கேள்வி அவரைத் தொடராமல் இருந்திருக்குமா?

படத்தில், பரிவோடு பழகும் பெண்ணின் நட்பைக் காதலென்று எண்ணித் தடுமாறுகிறான் சுந்தரம். அவன் தயங்கத் தயங்க நாம் விழுந்து விழுந்து சிரிக்கிறோம். அவள் விரும்புவது அவன் நண்பனையே என்று அறிந்ததும், சிரித்ததற்காக நமக்கே வெட்கம் உண்டாகிறது. பேரும் புகழும் பெற்ற பிறகும் பெற்ற தாயின் இறுதி வேளையில் அவனால் அருகிருக்க முடியவில்லை. எல்லாவற்றையும் துறந்து பழைய பணிக்கே திரும்பிவிடுகிறான்.

பிற்காலத்தில் தியாகராய நகரில் தம் பெயராலேயே ஒரு திரையரங்கு கட்டினார் நாகேஷ். பின்னர் அது திருமண மண்டபமாக மாறியது. திருமணம் என்றதும் நம் குடும்பங்களில் முதலில் எழும் பேச்சு எது? "பெண் கறுப்பாமே?", "மாப்பிள்ளை குள்ளமாமே?" என்பதுதானே! வீட்டுக்கு வரும் விருந்தினர் முன்னிலையில், "எங்கள் குண்டுப் பையன்" என்று பெற்ற பிள்ளையையே அறிமுகம் செய்கிறோம். அவன் புன்னகைக்கிறான், அடுத்த முறை விருந்தினர் வந்தால் அறையை விட்டு வெளியே வர மறுக்கிறான். கூச்ச சுபாவம் என்று அதற்கும் ஒரு பெயர் வைத்துவிடுகிறோம்.

ஈசாயின் மூத்த மகன் எலியாபின் தோற்றத்தையும் உயரத்தையும் கண்டு, இவனே அரசன் என இறைவாக்கினர் சாமுவேலே எண்ணிவிட்டார். ஆண்டவரோ அகத்தைப் பார்த்தார். ஆடு மேய்க்கச் சென்றிருந்த கடைக்குட்டி தாவீதை அழைத்துவரச் செய்தார்.

பெரியம்மை உலகை விட்டே ஒழிந்தது என்று 1980-இல் அறிவிக்கப்பட்டது. முகத்தில் வடு பதித்த நோய் போய்விட்டது. மனத்தில் வடு பதிக்கும் நம் நாவு இன்னும் அடங்கவில்லை. இதற்கு அரசாங்கம் அம்மை குத்த வராது, அன்பர்களே! இன்றிரவு குடும்ப செபம் முடிந்ததும், நாம் பட்டப்பெயர் சூட்டிய பிள்ளையை அருகழைத்து, ஞானஸ்நானத்தில் அவன் பெற்ற பெயரால் ஒருமுறை கூப்பிடுவோம்.